'நைட்மேர்' படத்தில் கதாநாயகி பாதியிலேயே ஏன் காணாமல் போகிறாள்? பைத்தியம் பரம்பரையாக வருமா?

கேள்வி: ஹேமர் என்ற பிரிட்டிஷ் திகில் பட நிறுவனம் 1964-இல் வெளியிட்ட 'நைட்மேர்' பார்த்தேன். அம்மாவைப் போலத் தனக்கும் பைத்தியம் பிடித்துவிடும் என்று பயந்து, இரவில் கெட்ட கனவு கண்டு அலறும் பெண்தான் கதாநாயகி. பாதிப் படம் போனதும் அவளையே காணோம். இது திரைக்கதைச் சொதப்பலா, வேண்டுமென்றே செய்ததா? நிஜத்தில் பைத்தியம் அப்படிப் பரம்பரையாக வருமா? அடிக்கடி கெட்ட கனவு வந்தால் அது அதற்கான அறிகுறியா?

பதில்:

முடிவு உட்பட முழுக் கதையையும் சொல்லாமல் இதற்குப் பதில் எழுத முடியாது. பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள். கறுப்பு வெள்ளைப் படம், ஒன்றரை மணி நேரம்கூட ஓடாது.

சொதப்பல் இல்லை, வேண்டுமென்றே செய்ததுதான். அந்தப் படத்தில் உருப்படியான யோசனை என்று ஒன்று உண்டென்றால், என் கணக்கில் அது இந்த இரண்டாகப் பிளக்கும் அமைப்புதான்.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஜேனட் விடுதிப் பள்ளியில் படிக்கிறாள். சிறுமியாக இருந்தபோது, அவளுடைய பிறந்தநாளன்றே, அம்மா அப்பாவைக் கத்தியால் குத்திக் கொன்றுவிட்டாள். அம்மா மனநோய் விடுதியில் அடைக்கப்பட்டாள். அன்றிலிருந்து ஜேனட்டுக்கு ஒரே மாதிரிக் கனவு: விடுதியின் நீண்ட நடைவழி, பெயர் சொல்லிக் கூப்பிடும் குரல், ஓர் அறை, உள்ளே அம்மா, பின்னால் சாத்திக்கொள்ளும் கதவு. பள்ளியில் சமாளிக்க முடியாமல் ஆசிரியை மேரி அவளை வீட்டுக்கு அழைத்துவருகிறாள். அங்கே காப்பாளர் ஹென்றி, துணைக்கு வைத்த கிரேஸ் என்ற நர்ஸ், கார் ஓட்டும் ஜான், வீட்டைப் பார்த்துக்கொள்ளும் மிஸஸ் கிப்ஸ். முகத்தில் தழும்போடு வெள்ளை உடையில் ஒரு பெண் இரவுகளில் நடமாடுகிறாள். ஜேனட் பின்தொடர்ந்து போனால், நெஞ்சில் கத்தியோடு படுக்கையில் கிடக்கிறாள். ஆட்களைக் கூட்டிக்கொண்டு திரும்பினால் படுக்கை காலி. கடைசியில், ஜேனட்டின் பிறந்தநாளன்று, ஹென்றி தன் மனைவியை அழைத்து வந்து அறிமுகப்படுத்துகிறான். அதே முகம், அதே தழும்பு. கேக் வெட்டும் கத்தியை எடுத்து ஜேனட் அவளைக் குத்திவிடுகிறாள்.

இங்கேதான் அவள் கதையிலிருந்து போகிறாள். அடுத்த சில நிமிடங்களில் உண்மை வெளியே வருகிறது. வெள்ளை உடைப் பெண்ணாக முகமூடி போட்டு நடந்தது கிரேஸ். ஹென்றியும் கிரேஸும் காதலர்கள். மனைவியைத் தீர்த்துக்கட்ட அவர்களுக்கு ஒரு கருவி வேண்டியிருந்தது. சட்டம் கேள்வி கேட்காத கருவியாக, பைத்தியக்காரத் தாய்க்குப் பிறந்த பெண் ஒருத்தி கையருகே இருந்தாள்.

பிறகு கிரேஸ் ஹென்றியைக் கல்யாணம் செய்துகொள்கிறாள். அவளைச் சுற்றி விசித்திரங்கள் ஆரம்பிக்கின்றன. ஹென்றிக்கு வேறொருத்தி இருப்பதாகத் தடயங்கள் கிடைக்கின்றன. ஜேனட் மருத்துவமனையிலிருந்து தப்பிவிட்டதாகச் செய்தி வருகிறது. ஜேனட்டுக்குத் தாங்கள் செய்ததையே இப்போது தனக்கு ஹென்றி செய்கிறான் என்று கிரேஸ் முடிவுகட்டுகிறாள். அவனைக் குத்திக் கொல்கிறாள். பழி தப்பி வந்த ஜேனட்மேல் விழும் என்பது அவள் கணக்கு. அப்போது மேரியும் ஜானும் மிஸஸ் கிப்ஸும் உண்மையைச் சொல்கிறார்கள். ஜேனட் தப்பவே இல்லை. எல்லாம் இவர்கள் மூவரும் போட்ட நாடகம்.

இப்போது இரண்டு பாதிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். முதல் பாதியில் ஒரு பெண்ணிடம் மாயத் தோற்றங்களைக் காட்டி, சந்தேகத்தை ஊட்டி, கையில் கத்தியைக் கொடுக்கிறார்கள். அவள் குத்துகிறாள். பார்க்கிற நாம் உட்பட எல்லோரும் சொல்வது, "அம்மாவின் ரத்தம், வேறென்ன?" இரண்டாம் பாதியில் அதே முறையை வேறொருத்தியிடம் செய்துபார்க்கிறார்கள். இவளுக்குப் பைத்தியக்கார அம்மா என்று எவரும் சொல்லவில்லை. படித்த நர்ஸ், திட்டம் போடும் மூளை. இவளும் குத்துகிறாள். நோய்க்குக் காரணம் என்று சந்தேகிக்கும் ஒன்றைச் சோதிக்கும்போது, ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக அந்தக் காரணம் இல்லாத ஒரு குழுவையும் வைத்துக்கொள்வார்கள் இல்லையா, கிரேஸ் அந்தக் குழு. ஜேனட்டின் பரம்பரையை எடுத்துவிட்டாலும் விளைவு மாறவில்லை. அப்படியானால் முதல் பாதியில் வேலை செய்தது பரம்பரை அல்ல. ஜேனட் திரையில் இருந்துகொண்டே இருந்தால் இந்த ஒப்பீடு நடக்கவே நடக்காது. நாம் அவளுக்காகக் கவலைப்பட்டுக்கொண்டே உட்கார்ந்திருப்போம்.

கதாநாயகியைப் பாதியில் இழக்கும் உத்தி 1960-இல் 'சைக்கோ' காட்டிய வழி. காதலர்கள் சேர்ந்து பயமுறுத்தும் சதி 1955-இல் வந்த பிரெஞ்சுப் படமான 'லே டியாபோலிக்' பக்கத்திலிருந்து வருகிறது. எழுதித் தயாரித்த ஜிம்மி சாங்ஸ்டர் இதையெல்லாம் மறைக்கிற ஆளும் இல்லை. ஹேமரின் ஃபிராங்கன்ஸ்டைன் (1957), டிராகுலா (1958) படங்களுக்குத் திரைக்கதை எழுதியவர் அவர்தான். 1961-இல் 'டேஸ்ட் ஆஃப் ஃபியர்' தொடங்கி, பூதமோ ரத்தக்காட்டேரியோ இல்லாமல் மனத்தை மட்டும் வைத்துப் பயமுறுத்தும் படங்களை வரிசையாக எழுதினார். இயக்குநர் ஃப்ரெடி ஃபிரான்சிஸ் அடிப்படையில் ஒளிப்பதிவாளர், 'சன்ஸ் அண்ட் லவர்ஸ்' (1960) படத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர். 'நைட்மேர்' படத்தின் நடைவழிகளும் நிழல்களும் கதையைவிடத் தரமாக இருப்பதற்கு அதுதான் காரணம். இன்னொரு விஷயம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். கதைப்படி முகமூடிக்குள் இருப்பது கிரேஸ் என்றாலும், திரையில் வெள்ளை உடைப் பெண்ணாக வரும் நடிகை கிளைட்டி ஜெஸ்ஸப், 1961-இல் ஃபிரான்சிஸ் ஒளிப்பதிவு செய்த 'தி இன்னசன்ட்ஸ்' படத்தில் செத்துப்போன ஆசிரியை மிஸ் ஜெஸ்ஸலாக வந்தவர். அந்தப் படத்தில் அவர் பேயா, கதாநாயகியின் மனப்பிரமையா என்று கடைசிவரை சொல்லமாட்டார்கள். இங்கே அதே நடிகை, அதே போல மௌனமாக நிற்கிறார், பார்த்தால் எல்லாம் முகமூடியும் திட்டமும். வேண்டுமென்றேதான் அவரைப் போட்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

சரி, சதிகாரர்களுக்கு வேலை ஏன் இவ்வளவு சுலபமாக இருந்தது? அவர்கள் ஜேனட்டிடம் புதிதாக எதையும் நம்பவைக்கவில்லை. "எனக்கும் வரும்" என்று அவள் ஏற்கெனவே நம்பியிருந்ததற்குச் சாட்சி மட்டும் தயாரித்துக் கொடுத்தார்கள். 1938-இல் பாட்ரிக் ஹாமில்டன் எழுதிய 'கேஸ் லைட்' நாடகத்திலும் இதே அஸ்திவாரம்தான். கணவன் மனைவியைப் பைத்தியமாக்கப் பார்க்கிறான், அந்த மனைவியின் அம்மா பைத்தியமாகிச் செத்தவள்.

அந்த நம்பிக்கை ஜேனட் தானாகக் கண்டுபிடித்தது இல்லை, ஊர் கொடுத்தது. 1857-இல் பெனடிக்ட் மொரெல் என்ற பிரெஞ்சு மருத்துவர் ஒரு கொள்கையை எழுதினார்: குடும்பத்தில் புகுந்த கோளாறு தலைமுறைக்குத் தலைமுறை முற்றும், முதலில் பதற்றம், அப்புறம் பைத்தியம், கடைசியில் வம்சமே அற்றுப்போகும். ஐரோப்பா முழுக்க இது ஒட்டிக்கொண்டது. நாவல்களில் மாடியறையில் பூட்டிவைத்த மனைவி, மூன்று தலைமுறைப் பைத்தியம் என்ற கதை அதற்கு முன்பே வந்துவிட்டது, 1847-இன் 'ஜேன் ஐர்' அதுதானே. பிரிட்டிஷ் சட்டமும் இந்த நிழலிலேயே நடந்தது. 1937-இல் விவாகரத்துச் சட்டத்தைத் தளர்த்தியபோது சேர்த்த காரணங்களில் ஒன்று, குணமாகாத பைத்தியம். 1950-களின் நடுவில் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் மனநோய் விடுதிகளில் ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பேர் இருந்தார்கள். அந்த வீடுகளில் எல்லாம் "இது நம்ம குடும்பத்துல ஓடுது" என்ற பேச்சு அடக்கிய குரலில் நடந்துகொண்டிருந்திருக்கும். 1964-இல் தியேட்டரில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு ஜேனட்டின் பயம் கற்பனைப் பயமாகத் தோன்றியிருக்காது.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. நேரடிப் பதில்: எந்த நோய் என்பதைப் பொறுத்தது. ஜேனட்டின் அம்மாவுக்கு என்ன நோய் என்று படம் சொல்வதே இல்லை, "பைத்தியம்" என்று மட்டும் விட்டுவிடுகிறது. பயம் அந்த இடைவெளியில்தான் வளர்கிறது.

ஜேனட் பயந்த மாதிரியே அப்பட்டமாக ரத்தத்தில் வரும் நோய் ஒன்று உண்டு, ஹன்டிங்டன் நோய். 1872-இல் ஜார்ஜ் ஹன்டிங்டன் என்ற அமெரிக்க மருத்துவர் அதை விவரித்தபோதே, பரம்பரையாக வருவது, பைத்தியத்துக்கும் தற்கொலைக்கும் இழுத்துச் செல்வது, வயது வந்த பிறகே கடுமையாக வெளிப்படுவது என்று மூன்று அடையாளங்களைக் குறித்தார். பெற்றோரில் ஒருவருக்கு இருந்தால் ஒவ்வொரு பிள்ளைக்கும் சரிபாதி வாய்ப்பு, நாணயம் சுண்டுவது போல. கை கால் தானாக ஆடும், குணம் மாறும், நினைவு போகும். பாடகர் வுடி கத்ரியின் அம்மாவுக்கு இந்த நோய் இருந்தது. அவருடைய போக்குகளைப் பைத்தியம் என்றே ஊர் பார்த்தது, கடைசியில் ஓக்லஹோமாவில் ஒரு மனநல மருத்துவமனையில் இறந்தார். கத்ரிக்கும் அதே நோய் வந்து 1967-இல் இறந்தார்.

நான்சி வெக்ஸ்லரின் கதை இதைவிட ஜேனட்டுக்கு நெருக்கமானது. 1968-இல் அவருடைய அப்பா மில்டன் வெக்ஸ்லர், தொழிலால் மனப்பகுப்பாய்வாளர், இரண்டு மகள்களையும் உட்காரவைத்து அம்மாவுக்கு ஹன்டிங்டன் என்று சொன்னார். மகள்கள் ஒவ்வொருவருக்கும் பாதிக்குப் பாதி. அப்பா ஆராய்ச்சிக்காக ஓர் அமைப்பைத் தொடங்கினார். நான்சி வெனிசுவேலாவின் மரகைபோ ஏரிக்கரைக்குப் போனார். உலகத்திலேயே இந்த நோய் அதிகமாக உள்ள குடும்பங்கள் வாழும் இடம் அது. அங்கே எடுத்த ரத்த மாதிரிகளின் உதவியால் 1983-இல் நோயின் மரபணு எந்தக் குரோமோசோமில் இருக்கிறது என்று தெரிந்தது, 1993-இல் மரபணுவே பிடிபட்டது. சோதனை வந்தாயிற்று. அதற்கு முன்னால் கேட்டபோது "சோதனை வந்தால் எடுத்துக்கொள்வோம்" என்று சொன்னவர்களே அதிகம். வந்த பிறகு எடுத்துக்கொண்டவர்கள் சிறுபான்மை. தெரியாமல் இருப்பதும் ஒரு ஏற்பாடு என்று பலர் தீர்மானித்துவிட்டார்கள். தனக்கும் அந்த நோய் இருக்கிறது என்று நான்சி 2020-இல் வெளிப்படையாகச் சொன்னார்.

இந்தக் குடும்பங்களோடு வேலை செய்பவர்கள் திரும்பத் திரும்பக் கவனித்த ஒன்று உண்டு. ஆபத்தில் இருப்பவர் தன்னைத்தானே வேவு பார்ப்பார். கப் கை தவறி விழுந்தால், ஒரு பெயர் மறந்துபோனால், கோபம் வந்தால், "ஆரம்பித்துவிட்டதோ?" ஜேனட் தன் கனவுகளை எண்ணிக்கொண்டிருப்பதும் இதேதான். வெக்ஸ்லர் குடும்பத்துக்கு அந்தப் பயத்தின் பின்னால் உண்மையான கணக்கு இருந்தது. ஜேனட்டுக்கு அப்படி ஒரு கணக்கே கிடையாது.

அவள் அம்மாவுக்கு இருந்தது ஸ்கிசோஃப்ரினியா, அதாவது மனச்சிதைவு நோய், என்று வைத்துக்கொண்டால்? பொதுமக்களில் வாழ்நாளில் அது வருவது நூற்றுக்கு ஒருவர் அளவில். பெற்றோரில் ஒருவருக்கு இருந்தால் நூற்றுக்குப் பத்துப் பேர் அளவில். பத்து மடங்கு என்று கேட்டால் கிலி பிடிக்கும், தொண்ணூறு பேருக்கு வருவதில்லை என்று கேட்டால் மூச்சு வரும். இரண்டும் ஒரே எண். ஒரே மரபணு கொண்ட இரட்டையரில் ஒருவருக்கு வந்தால்கூட மற்றவருக்கு வருவது பாதிக்குச் சற்றுக் குறைவுதான். எல்லாம் ரத்தம்தான் என்றால் அது நூறாக இருக்க வேண்டும்.

"அம்மா வளர்த்த விதத்தால் வருகிறதா, ரத்தத்தால் வருகிறதா?" என்ற சண்டை அப்போது உச்சத்தில் இருந்தது. படம் வந்த 1964-இலேயே ஆர். டி. லேங், ஆரன் எஸ்டர்சன் என்ற இரண்டு மனநல மருத்துவர்கள் ஒரு புத்தகம் வெளியிட்டார்கள். ஸ்கிசோஃப்ரினியா என்று முத்திரை குத்தப்பட்ட பெண்களின் குடும்பப் பேச்சைக் கூர்ந்து கேட்டால், அவர்களுடைய நடத்தை புரிந்துகொள்ளக்கூடியதாகவே இருக்கிறது என்றார்கள். 'நைட்மேர்' பார்த்துவிட்டு அதைப் படித்தால் ஒரே சதியை இரண்டு பேர் விவரிப்பதுபோல இருக்கும். ஆனால் அந்தப் பக்கமும் அளவு மீறியது. பிள்ளையின் நோய்க்கு அம்மாதான் காரணம் என்று சொல்லி எத்தனையோ தாய்மார்களை அந்தக் காலத்து மனநலத் துறை குற்றவாளிக் கூண்டில் ஏற்றியது. இரண்டே ஆண்டுகளில், 1966-இல், லெனர்ட் ஹெஸ்டன் அமெரிக்காவின் ஓரிகனில் செய்த ஆய்வு வந்தது. மனநோய் மருத்துவமனையில் இருந்த ஸ்கிசோஃப்ரினியா தாய்மார்களுக்குப் பிறந்து, பிறந்த சில நாட்களிலேயே பிரிக்கப்பட்டு வேறிடத்தில் வளர்ந்த 47 பேரை அவர் பின்தொடர்ந்தார். ஒப்பிட, அப்படிப்பட்ட தாய் இல்லாமல் அதே போலப் பிரிந்து வளர்ந்த 50 பேர். முதல் குழுவில் 5 பேருக்கு ஸ்கிசோஃப்ரினியா வந்தது, இரண்டாவதில் ஒருவருக்கும் இல்லை. அம்மாவின் வளர்ப்பே இல்லாமலும் ஆபத்து கடந்து வருகிறது, அவ்வளவு உண்மை. மற்ற 42 பேருக்கு அந்த நோய் வரவில்லை என்பதும் அதே தாளில்தான் இருக்கிறது. சிலருக்கு வேறு சிக்கல்கள் இருந்தன, பலர் நன்றாகவே வாழ்ந்தார்கள்.

இப்போது மரபணு ஆய்வு இன்னும் தூரம் போயிருக்கிறது. 2014-இல் நடந்த பெரிய ஆய்வு ஸ்கிசோஃப்ரினியாவோடு தொடர்புள்ள 108 இடங்களை மரபணுத் தொகுப்பில் காட்டியது, 2022-இல் அது 287 ஆனது. ஒவ்வொன்றும் ஆபத்தைக் கொஞ்சமே கூட்டுகிறது, எல்லோரிடமும் சில உண்டு. மொரெல் சொன்ன மாதிரி வம்சத்தின் மேல் ஏறி உட்காரும் ஒற்றைச் சாபம் எங்கும் கிடைக்கவில்லை.

கனவுக்கு வருகிறேன். கெட்ட கனவு பைத்தியத்தின் முன்னறிகுறியா? பொதுவாக இல்லை. ஜேனட்டின் விஷயத்தில் பதில் இன்னும் தெளிவு. இரவில் அலறி எழுவதில் இரண்டு வகை உண்டு. ஆழ்ந்த தூக்கத்தில், இரவின் முதல் பகுதியில் வரும் அலறலில் ஆள் எழுந்து கத்துவார், காலையில் கேட்டால் ஒன்றும் நினைவிருக்காது. குழந்தைகளிடம் அதிகம் பார்க்கலாம். கண் விழிகள் மூடிய இமைக்குள் ஓடும் தூக்கத்தில், பெரும்பாலும் விடியலை ஒட்டி வரும் கனவு வேறு, அது காட்சியோடு நினைவிருக்கும். இந்தத் தூக்கத்தையே 1953-இல்தான் சிகாகோவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் கண்டறிந்து எழுதினார்கள். ஜேனட்டுடையது இரண்டாவது வகை. அதிலும் நடைவழி மாறாமல், கதவு மாறாமல் ஒரே கனவு திரும்பத் திரும்ப வருகிறது. பெரிய அதிர்ச்சியைச் சந்தித்தவர்களுக்கு இப்படித்தான் வரும். போரிலிருந்து திரும்பிய சிப்பாய்களுக்கும் தாக்குதலுக்கு ஆளான பெண்களுக்கும் வருகிற கனவு. அப்பாவை அம்மா கொன்றதைப் பார்த்த குழந்தைக்கு அது வராவிட்டால்தான் ஆச்சரியம். அதற்கு ஒரு நோய்ப்பெயரை (PTSD, பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனஉளைச்சல்) அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் 1980-இல்தான் தன் கையேட்டில் சேர்த்தது. 1964-இல் ஜேனட்டுக்குச் சுலபமாகக் கிடைத்த விளக்கம் அம்மாவின் ரத்தம்தான்.

இன்று அவள் ஒரு மருத்துவரிடம் போனால் ஒருவேளை இப்படிச் செய்யச் சொல்வார்கள்: பகலில், விழித்திருக்கும்போது, கனவை எழுது. பிறகு அதை உன் இஷ்டத்துக்கு மாற்று. கதவு சாத்தாமல் திறந்தே இருக்கட்டும், அல்லது நடைவழியின் முடிவில் தோட்டம் வரட்டும். மாற்றிய கதையை தினம் சில நிமிடம் மனத்தில் ஓட்டிப் பார். கேட்க விளையாட்டாக இருக்கும். பாரி கிராக்கோவும் மற்றவர்களும் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களிடம் இதைச் சோதித்து 2001-இல் வெளியிட்ட ஆய்வில், கனவுகள் குறைந்தன, தூக்கமும் மேம்பட்டது. உங்களுக்கோ உங்கள் வீட்டில் யாருக்கோ இப்படி வாரம் தவறாமல் வருகிறது என்றால், குடும்பத்தில் யாருக்கு என்ன இருந்தது என்று தேடுவதைவிட, தூக்கத்தைப் பார்க்கும் மருத்துவரிடமோ மனநல மருத்துவரிடமோ போவது நல்லது. குடிப்பழக்கம், சில மாத்திரைகள், மாத்திரையைத் திடீரென்று நிறுத்துவது எல்லாம்கூடக் கனவைக் கிளறிவிடும். அதையும் சொல்லிவிடுங்கள்.

படத்தைப் பற்றி எனக்கு ஒரு மனக்குறை உண்டு, அதோடு முடிக்கிறேன். ஜேனட் நிஜமாகவே ஒரு பெண்ணைக் கொன்றிருக்கிறாள். வழக்கு, விசாரணை எதையும் காட்டாமல் நேரே விடுதிக்கு அனுப்பிவிடுகிறார்கள். அப்போதிருந்த இங்கிலாந்துச் சட்டப்படி, விக்டோரியா ராணி காலத்தில் 1883-இல் கொண்டுவந்த தீர்ப்பு வாசகம் "குற்றவாளி, ஆனால் பைத்தியம்" என்பது. படம் வெளியான அதே 1964-இல்தான் அதை மாற்றி, "பைத்தியத்தால் குற்றவாளி அல்ல" என்று திருத்தினார்கள். ஆனால் ஜேனட்டின் நிலைமை இரண்டிலும் அடங்காது. சதி வெளியானபின் அவள் பைத்தியம் என்றே சொல்ல முடியாது, குற்றவாளி என்றும் சொல்ல முடியாது. மேரியும் ஜானும் மிஸஸ் கிப்ஸும் கிரேஸிடம் செய்தது, கிரேஸும் ஹென்றியும் ஜேனட்டிடம் செய்ததற்கு எந்த வகையிலும் குறைவில்லை. அதனால் ஓர் ஆள் செத்திருக்கிறான். போலீஸ் வந்தால் யாரை முதலில் விசாரிப்பார்கள்? சாங்ஸ்டர் இதைத் தொடவே இல்லை. அவரும் ஃபிரான்சிஸும் சேர்ந்து செய்த அடுத்த படமான 'ஹிஸ்டீரியா'வில் நினைவிழந்த ஒரு மனிதனைப் பிடித்துக்கொண்டு வேறு கதைக்குப் போய்விட்டார்கள்.